வாய்வழிக் கதை எத்தனை தலைமுறை தாங்கும்? தொல்குடிகளின் கதையும் அறிவும்

#1 கடல்நாரை

வேறொரு இழையில் ஒருவர், "பழங்குடிகளின் கதைகள் அழகானவை, ஆனால் அவற்றை அறிவு என்பது மிகை" என்று எழுதிவிட்டுப் போய்விட்டார். அங்கேயே பதில் போட்டால் பேச்சு திசைமாறும். அதனால் தனி இழை.

எனக்கு உடனே நினைவுக்கு வருவது சிமெயுலுவே தீவு. சுமத்ராவின் மேற்குக் கரைக்கு அப்பால் இருக்கிறது. 2004 டிசம்பர் 26 நிலநடுக்க மையத்துக்கு மிக அருகில் மக்கள் வாழ்ந்த இடங்களில் ஒன்று. தீவின் வடக்கு ஊர்களில் நிலம் ஆடிப் பத்து நிமிடத்துக்குள் அலை வந்துவிட்டது. எந்தக் கருவியும் அந்த அவகாசத்துக்குள் எச்சரித்திருக்க முடியாது. ஏறத்தாழ 78,000 பேர் வாழ்ந்த தீவில் இறந்தவர்கள் 7 பேர். எதிரே ஆச்சே பெருநிலத்தில் ஒன்றரை லட்சத்துக்கும் மேல்.

1907-இல் இதே போன்ற ஓர் அலை அந்தத் தீவைத் துடைத்துப் போட்டிருந்தது. பிழைத்தவர்கள் அதைக் கதையில் வைத்தார்கள், பாட்டில் வைத்தார்கள், தாலாட்டிலும் வைத்தார்கள். "ஸ்மோங்" என்பார்கள். சாரம் இவ்வளவுதான்: நிலம் பலமாக ஆடினால், கடல் உள்வாங்கினால், அந்தக் கணமே மேட்டுக்கு ஓடு, கரையில் துள்ளும் மீனைப் பொறுக்க நிற்காதே. 2004-இல் அங்கே யாரும் அலையை வேடிக்கை பார்க்க நிற்கவில்லை. ஒருவர் அந்தச் சொல்லைக் கத்தினார், ஊரே ஓடியது.

97 ஆண்டு தாங்கியிருக்கிறது. இதற்கு மேல் எவ்வளவு தாங்கும்? எது தாங்க வைக்கிறது? படித்தவர்கள், பார்த்தவர்கள் எழுதுங்கள்.

#2 பாறைக்கீறல்

நூறு ஆண்டு தாங்கியதில் எனக்கு வியப்பே இல்லை. 1907-இல் பத்து வயதாக இருந்த பிள்ளை 1970-களில் தன் கொள்ளுப்பேரனுக்கு நேரிலேயே சொல்லியிருக்க முடியும். அந்தப் பேரன் 2004-இல் உயிரோடு இருப்பான். ஒரே ஒரு கைமாற்றம். அதோடு அது உயிர் காக்கும் செய்தி, சின்னச் செய்தி.

என் தகராறு ஆயிரக்கணக்கில் வயது சொல்பவர்களோடுதான். புவியியலாளர் பேட்ரிக் நன், மொழியியலாளர் நிக்கலஸ் ரீட் இருவரும் 2016-இல் ஒரு கட்டுரை எழுதினார்கள். பனியுகம் முடிந்து கடல் ஏறிக் கரையை விழுங்கியதை ஆஸ்திரேலியத் தொல்குடிகள் 7,000 ஆண்டுக்கும் மேலாகக் கதையில் வைத்திருக்கிறார்கள் என்பது அவர்கள் வாதம். கரையோரமாக 21 இடங்களின் கதைகளைக் காட்டினார்கள். படிக்க அருமை. ஆனால் அதில் பேர்போன உதாரணமான மெல்பர்ன் பக்கத்துப் போர்ட் பிலிப் விரிகுடாவை எடுத்துக்கொள்ளுங்கள். "இது ஒரு காலத்தில் தரை, இங்கே கங்காரு வேட்டையாடினோம்" என்பது பூனுருங் மக்களின் கதை. 2011-இல் வந்த ஒரு நிலவியல் ஆய்வு என்ன சொல்கிறது? ஏறத்தாழ 2,800 ஆண்டுக்கு முன்பிலிருந்து 1,000 ஆண்டுக்கு முன்பு வரை அந்த விரிகுடா பெருமளவு வறண்டு கிடந்திருக்கலாம் என்கிறது. அப்படியானால் அந்தக் கதைக்கு ஆயிரம் வயது போதும், ஏழாயிரம் தேவையே இல்லை.

கதை வாய்க்கு வாய் மாறும். கண், காது, மூக்கு வைத்துச் சொல்வது மனித சுபாவம். வட்டமாக உட்கார்ந்து காதோடு காதாகச் செய்தி அனுப்பும் விளையாட்டில் பத்தாவது ஆளிடம் என்ன வந்து சேர்கிறது என்பது எல்லோருக்கும் தெரியும். அதைக் கிட்டத்தட்ட முந்நூறு தலைமுறைக்கு நீட்டிப் பாருங்கள்.

#3 தூங்குமூஞ்சி

"ஆயிரம் வயது போதும்" என்று எவ்வளவு அலட்சியமாகச் சொல்கிறீர்கள் சார். எனக்கு என் கொள்ளுத்தாத்தா பெயரே தெரியாது.

#4 ஏடுதேடி

அந்த விளையாட்டை எல்லோரும் சொல்கிறார்கள், ஆனால் அது இங்கே பொருந்தாது. விளையாட்டில் ஒருவர் ஒருவருக்கு, ஒரே தடவை, அடுத்தவர் காதில் விழாமல் சொல்கிறார். தப்பாகச் சொன்னால் யாருக்கும் நட்டமில்லை, சிரிப்புத்தான். கதை நிலைத்த சமூகங்களில் இது முழுக்கத் தலைகீழ். பலர் முன்னிலையில், ஆயுள் முழுக்கத் திரும்பத் திரும்பச் சொல்வார்கள். தப்பினால் மானமும் போகும், சில சமயம் உரிமையும் போகும்.

ஒரு ஏற்பாட்டைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் விஷயம் இதில்தான் இருக்கிறது. நடு ஆஸ்திரேலியாவின் வார்ல்பிரி மக்களிடம் ஓர் இடமும் அதற்குரிய கதை, பாட்டு, உடலில் தீட்டும் ஓவியம், சடங்கு எல்லாமும் தந்தை வழியில் ஒரு கூட்டத்துக்குச் சொந்தம். அவர்கள் "கிர்டா". ஆனால் சொந்தக்காரர்கள் மட்டும் கூடிச் சடங்கை நடத்திவிட முடியாது. அந்தக் கூட்டத்துப் பெண்களின் பிள்ளைகள், நம் கணக்கில் மருமக்கள் முறை, "குர்டுங்குர்லு" என்ற பொறுப்பில் உடன் இருக்க வேண்டும். கதை இவர்களுடையது அல்ல. ஆனால் ஓவியத்தில் கோடு சரியா, பாட்டில் இடங்களின் வரிசை பிசகாமல் வருகிறதா என்று பார்ப்பது இவர்கள் வேலை. மாமனாக இருந்தாலும் நிறுத்தித் திருத்தலாம். அதே ஆள் தன் தந்தை வழியில் இன்னோர் இடத்துக்குச் சொந்தக்காரர். அங்கே அவரை வேறொருவர் சரிபார்ப்பார். ஆக ஒவ்வொருவருக்கும் இரண்டு வேலை: ஒன்றைச் சொல்ல வேண்டும், இன்னொன்றைக் காக்க வேண்டும்.

இதோடு நிலமும் சேர்ந்துகொள்கிறது. பாட்டின் வரிசைதான் நடக்கும் வழியின் வரிசை. இந்த நீர்ச்சுனை, அப்புறம் அந்தக் குன்று, அப்புறம் மணல்மேடு. ஒன்றை விட்டுவிட்டால் நடக்கும்போது இடிக்கும்.

போர்ட் பிலிப் பற்றிய ஆட்சேபம் நியாயமானது. ஆனால் அது அந்த ஓர் இடத்துக்கான ஆட்சேபம். வறண்டு மறுபடி நிரம்பிய விரிகுடா அது. மற்ற இடங்களுக்கும் இதே விளக்கம் ஒத்துவருமா என்று ஒவ்வொன்றாகத்தான் பார்க்க வேண்டும்.

#5 பாறைக்கீறல்

ஏடுதேடி, ஏற்பாடு பிரமாதம். ஆனால் அது எதை உறுதி செய்கிறது? நேற்றுச் சொன்னதும் இன்று சொல்வதும் ஒன்றுதான் என்பதை. முதலில் சொன்னதே உண்மையா என்பதை அல்ல. முதல் தலைமுறையிலேயே பிழை புகுந்தால் உங்கள் மருமகன் அந்தப் பிழையைத்தான் பயபக்தியோடு காப்பார்.

இன்னொன்று. அமெரிக்காவின் ஒரேகான் மாநிலத்தில் கிரேட்டர் ஏரி இருக்கிறது. மசாமா என்ற எரிமலை ஏறத்தாழ 7,700 ஆண்டுக்கு முன் வெடித்து, உச்சி உள்ளே சரிந்து, அந்தப் பள்ளத்தில் நீர் நிறைந்த ஏரி. பாதாளத் தலைவன் ல்லாவும் வானத் தலைவன் ஸ்கெல்லும் மோதினார்கள், நெருப்பு பொழிந்தது, மலை இடிந்து ல்லாவ் உள்ளே விழுந்தான் என்பது க்ளமத் மக்களின் கதை. உடனே "பார், 7,700 ஆண்டு நினைவு!" என்கிறார்கள். வரலாற்றாசிரியர் டேவிட் ஹெனிகே இந்த மாதிரி வாதங்களைக் கடுமையாக விமர்சித்திருக்கிறார். கண்முன்னே அவ்வளவு பெரிய பள்ளம் இருக்கிறது. பார்த்து ஊகித்திருக்கலாமே?

ஆப்பிரிக்க வாய்மொழி வரலாற்றில் ஊறிய யான் வன்சினா சொன்னதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அண்மைத் தலைமுறைகளைப் பற்றி நிறையச் செய்தி இருக்கும், ஆதித் தோற்றத்தைப் பற்றியும் நிறைய இருக்கும், நடுவில் ஓட்டை. தலைமுறை நகர நகர அந்த ஓட்டையும் கூடவே நகரும்.

#6 கடல்நாரை

ஊகித்திருக்கலாம்தான். ஆனால் தேதியைக் கவனியுங்கள். லாலெக் என்ற க்ளமத் தலைவர் இந்தக் கதையை ஓர் அமெரிக்கச் சிப்பாயிடம் சொன்னது 1865-இல். மலையின் உச்சி உள்ளே சரிந்துதான் ஏரி உண்டானது என்று நிலவியலாளர்கள் விரிவாக நிறுவியது 20-ஆம் நூற்றாண்டில். வெறும் பள்ளத்தைப் பார்க்கும் ஆளுக்கு "இங்கே ஒரு மலை இருந்தது, அது மேலே பறந்து போகவில்லை, உள்ளே விழுந்தது" என்று தோன்றுவது அவ்வளவு சுலபமா? அப்படியே ஊகித்தார்கள் என்றாலும், அவர்கள் நிலவியல் செய்திருக்கிறார்கள் என்றுதானே அர்த்தம்? இரண்டில் எதை எடுத்தாலும் "அறிவு இல்லை" என்று முடிக்க முடியாது.

வெடிப்புக்கு முன்பே அங்கே மனிதர்கள் இருந்தார்கள் என்பதில் சந்தேகமில்லை. 1938-இல் ஃபோர்ட் ராக் குகையில், மசாமா சாம்பல் படிவுக்கு அடியில், மரப்பட்டையில் முடைந்த செருப்புகள் கிடைத்தன. 9,000 ஆண்டுக்கு மேல் பழையவை.

#7 வழக்காறு

நான் சட்டம் படித்தவன், நிலவியல் தெரியாது. ஆனால் "கதை சாட்சியமா?" என்ற கேள்வி நீதிமன்றத்தில் நேருக்கு நேர் வந்திருக்கிறது. கனடாவின் டெல்கமூக் வழக்கு.

பிரிட்டிஷ் கொலம்பியாவில் கிட்க்ஸான், வெட்சுவெட்டென் என்ற இரண்டு மக்கள் தங்கள் நிலத்துக்கு உரிமை கேட்டு வழக்குப் போட்டார்கள். பட்டா கிடையாது. இருந்தது கதை. கிட்க்ஸான் மக்களிடம் அதற்கு "அடாவ்க்" என்று பெயர். ஒவ்வொரு குலவீட்டுக்கும் தனித்தனி அடாவ்க் உண்டு. முன்னோர் எங்கிருந்து வந்தார்கள், எந்த ஆற்றங்கரை எப்படித் தங்களுடையதானது என்பதெல்லாம் அதில் இருக்கும். 1987-இல் விசாரணை தொடங்கியது, 374 நாள் நடந்தது. மேரி ஜான்சன் என்ற மூத்த பெண்மணி சாட்சி சொன்னபோது, அடாவ்க்கின் ஒரு பகுதியாக வரும் துயரப் பாட்டைப் பாட வேண்டும் என்றார்கள். நீதிபதி மக்காக்கர்னுக்கு இஷ்டமில்லை. வார்த்தைகளை எழுதிக் கொடுத்தால் போதாதா, எனக்கு இசைக்காது கிடையாது, பாடிப் பயனில்லை என்கிற மாதிரிச் சொன்னார். அந்த அம்மாள் பாடினார். 1991-இல் தீர்ப்பு அவர்களுக்கு எதிராக வந்தது.

அதே விசாரணையில்தான் மெதீக் கதையும் வந்தது. மெதீக் ஒரு பிரம்மாண்டமான கரடி. ஏரியிலிருந்து எழுந்து, ஓடை வழியே மரங்களை முறித்துக்கொண்டு இறங்கி வந்து ஊரை அழித்தது. கேட்டால் குழந்தைக் கதை. நிலவியலாளர்கள் சீலி ஏரிப் பக்கம் தோண்டிப் பார்த்தபோது, ஏறத்தாழ 3,500 ஆண்டுக்கு முன் சேறும் பாறையும் மரமுமாக ஒரு பெரும் சரிவு அந்த ஓடை வழியே இறங்கியதற்கான தடயம் கிடைத்தது.

1997 டிசம்பர் 11 அன்று கனடா உச்ச நீதிமன்றம் கீழ்த் தீர்ப்பை ரத்து செய்தது. வாய்மொழி வரலாற்றுக்கும் எழுத்து ஆவணத்துக்குச் சமமான இடம் கொடுத்து எடைபோட வேண்டும் என்றது. நிலத்தைத் தூக்கிக் கொடுத்துவிடவில்லை. மறு விசாரணை என்றது. ஆனாலும் அன்றிலிருந்து கனடாவில் "எழுத்தில் இல்லையே" என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிட முடியாது.

பாறைக்கீறல், உங்கள் ஆட்சேபத்துக்கு இங்கே ஒரு பதில் இருக்கிறது. அடாவ்க் யார் வீட்டுத் திண்ணையிலும் சொல்லப்படுவதல்ல. பெரிய விருந்து கூட்டி, மற்ற குலவீடுகளை அழைத்து, அவர்கள் முன்னால் சொல்ல வேண்டும். வந்தவர்கள் சாட்சிகள். அவர்களுக்குப் பரிசு கொடுப்பது அந்தச் சாட்சி வேலைக்காகத்தான். வந்திருப்பவர்கள் பக்கத்து நிலக்காரர்கள், எல்லைத் தகராறு உள்ளவர்கள். நீங்கள் அரை மைல் கூட்டிச் சொன்னால் பல்லைக் கடித்துக்கொண்டு சும்மா இருப்பார்களா?

இதைப் பசிபிக் கரையில் பொதுவாகப் பாட்லாட்ச் என்பார்கள். கனடா அரசு அதை 1885-இல் தடை செய்தது. 1951 வரை தடை. சிறைக்குப் போனவர்கள் உண்டு. விருந்தை நிறுத்தினோம் என்று அரசு நினைத்திருக்கும். உண்மையில் நிறுத்தியது கதையைச் சரிபார்க்கும் மன்றத்தை. அறுபத்தாறு ஆண்டு தடை செய்துவிட்டு, அப்புறம் நீதிமன்றத்தில் "உங்கள் கதையை எப்படி நம்புவது?" என்று கேட்டால் என்ன சொல்வது!

#8 தூங்குமூஞ்சி

விருந்து போடுவதையெல்லாம் ஏன் தடை செய்தார்கள்?

#9 வழக்காறு

சேர்த்ததை அள்ளிக் கொடுப்பது வீண்செலவு, "நாகரிகம்" அடைவதற்குத் தடை என்று பாதிரிகளும் அதிகாரிகளும் நினைத்தார்கள். வேலைக்குப் போய்ச் சேமிக்கும் கிறிஸ்தவர்களாக மாற்ற வேண்டும் என்பது திட்டம்.

#10 கடல்நாரை

எழுத்தை மட்டும் நம்புகிறவர்கள் வாய்மொழியை நம்பாமல் போனதற்கு ஒரு பெரிய உதாரணம் பிரிட்டிஷ் கடற்படையின் ஃபிராங்க்ளின் பயணம். 1845-இல் எரெபஸ், டெரர் என்ற இரண்டு கப்பல்களில் ஆர்க்டிக் போன 129 பேரில் ஒருவரும் திரும்பவில்லை. 1854-இல் ஜான் ரே என்பவர் அங்கே வாழும் இனுவிட் மக்களிடம் கேட்டு வந்து சொன்னார்: பட்டினியில் செத்தார்கள், கடைசியில் செத்தவர் உடலைத் தின்றார்கள். லண்டன் கொதித்துப்போனது. சார்லஸ் டிக்கன்ஸே தன் பத்திரிகையில், காட்டுமிராண்டிகளின் பேச்சை நம்பக் கூடாது என்று எழுதினார். பிற்காலத்தில் கிடைத்த எலும்புகளில் கத்தி வெட்டுகள் இருந்தன.

கப்பல்களும் அப்படித்தான். ஒன்று எந்தப் பக்கம் மூழ்கியது என்று இனுவிட் பெரியவர்கள் 19-ஆம் நூற்றாண்டிலேயே சொல்லியிருந்தார்கள். லூயி கமூக்காக் என்ற இனுவிட் வரலாற்றாளர், சிறுவனாகக் கொள்ளுப்பாட்டியிடம் கேட்ட கதையிலிருந்து தொடங்கி, பல்லாண்டுகள் பெரியவர்களின் நினைவுகளைச் சேகரித்தார். 2014-இல் எரெபஸ் கிடைத்தது, அவர்கள் சொன்ன பக்கத்தில். 2016-இல் டெரர் கிடைத்ததும் ஓர் இனுவிட் வேட்டைக்காரர் தான் பார்த்ததைச் சொன்ன பிறகுதான்.

#11 ஒலிநாடா

இவ்வளவு பேசுகிறோமே, இருக்கிற பெரியவர்கள் எல்லோரையும் உட்கார வைத்துப் பதிவு செய்துவிட்டால் என்ன? ஒலிப்பதிவுக் காப்பகத்தில் வேலை பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: பதிவு இல்லாமல் போனவை போனவைதான்.

1890-இல் ஜெஸ்ஸி வால்டர் ஃப்யூக்ஸ் என்பவர் எடிசன் கருவியைத் தூக்கிக்கொண்டு மெய்ன் மாநிலத்துக்குப் போய், பாஸமக்வாடி மக்களின் பாட்டையும் கதையையும் மெழுகு உருளைகளில் பிடித்தார். களத்தில் செய்த ஒலிப்பதிவுகளில் அதுதான் மிகப் பழையது. கேட்டுப் பாருங்கள், முக்கால்வாசி இரைச்சல். அதற்கு அடியில் எங்கோ ஒரு குரல். மொழி தெரிந்தவர் திரும்பத் திரும்பக் கேட்டால்தான் வார்த்தை பிடிபடும். நூற்றாண்டு கழித்து அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் அதைத் துப்புரவு செய்து அந்த மக்களிடமே கொண்டுபோனது. அவர்கள் அதைக் கேட்டுப் பழைய பாட்டுகளை மறுபடி பாடுகிறார்கள். ஃப்யூக்ஸ் போகாமல் இருந்திருந்தால்?

#12 தும்பி

ஒலிநாடா தோழர், அதே கதையின் மறுபாதியையும் சொல்லுங்கள். நூறாண்டுக்கு மேல் அந்த உருளைகள் யார் கையில் இருந்தன? அந்த மக்களுக்கு அதில் என்ன உரிமை இருந்தது? இப்போது அந்தப் பதிவுகளுக்கு மேல் பாஸமக்வாடி மக்களே குறிப்பு ஒட்டியிருக்கிறார்கள். எதை எல்லோரும் கேட்கலாம், எதற்கு அவர்களைக் கேட்க வேண்டும் என்று அவர்கள் முடிவு செய்கிறார்கள். பதிவில் எனக்குப் பிடித்த பகுதி அதுதான்.

"எல்லோரையும் பதிவு செய்" என்பது கேட்க நன்றாக இருக்கிறது. ஆஸ்திரேலியாவில் ஆண்கள் மட்டும் கேட்க வேண்டியது, பெண்கள் மட்டும் கேட்க வேண்டியது என்று உண்டு. இறந்தவரின் குரலைக் கேட்பதே பல சமூகங்களில் குடும்பத்தை வருத்தும். அதனால்தான் அங்கே தொலைக்காட்சியில் முன்கூட்டியே எச்சரிக்கை போடுகிறார்கள். பழைய ஆய்வாளர்கள் பலர் ரகசியச் சடங்குகளைப் படம் பிடித்து உலகத்துக்கே காட்டினார்கள்.

போவா சீனியரை நினைத்துப் பாருங்கள். கிரேட் அந்தமானிய மொழிகளில் ஒன்றான அகா-போவின் கடைசிப் பேச்சாளர், 2010 ஜனவரியில் இறந்தார். மொழியியலாளர் அன்விதா அப்பி அவரிடம் நிறையப் பதிவு செய்திருக்கிறார், நல்ல வேலை, மறுக்கவில்லை. ஆனால் அந்த அம்மாளுக்குத் தன் மொழியில் பதில் சொல்ல ஓர் ஆள் இல்லாமல் பல ஆண்டுகள் போயின. பதிவு நமக்குக் கிடைத்தது. அவருக்கு என்ன கிடைத்தது? ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது.

#13 ஒலிநாடா

உதவும் இடமும் உண்டு தும்பி. காப்பகத்தை அந்தந்தச் சமூகத்தின் விதிப்படி பூட்டி வைக்கும் மென்பொருளே இருக்கிறது. முகுர்த்து என்று பெயர், ஆஸ்திரேலியாவின் வாருமுங்கு மக்களோடு சேர்ந்து உருவானது. யார் எந்தக் குடும்பம், ஆணா பெண்ணா என்பதைப் பொறுத்து எந்தப் படம் திறக்கும், எது திறக்காது என்று வைக்கலாம். பதிவு என்றாலே திருட்டு என்று பேசினால் நாளைக்கு ஒன்றும் மிஞ்சாது. மற்றபடி கேட்க ஆள் வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை.

#14 கரும்பலகை

நான் பள்ளி ஆசிரியை. பாடத்தில் "உலகத் தொல்குடிக் கதைகள்" என்று ஒரு பகுதி நானே சேர்க்கலாம் என்றிருக்கிறேன். எங்கே தொடங்கலாம்? எதைத் தொடக் கூடாது?

#15 ஏடுதேடி

அம்மா, முதலில் தொடக் கூடாததைச் சொல்லிவிடுகிறேன். நவாஹோ மக்களின் கயோட்டி (ஓநாய் இனத்துக் குள்ளநரி) கதைகள் குளிர்காலத்துக்கு மட்டும் உரியவை. முதல் உறைபனியிலிருந்து முதல் இடி வரை. பாம்பும் கரடியும் தூங்கும் காலம் அது. வட அமெரிக்காவில் இன்னும் பல மக்களிடம் இந்த மாதிரி வழக்கம் உண்டு. நாம் அந்த மக்கள் இல்லை, நம்மைக் கட்டாது என்று சொல்லலாம். ஆனால் அதைச் சொல்லித் தொடங்கினாலே மாணவர்களுக்குப் பாதி விஷயம் புரிந்துவிடும். கதைக்குக் காலம் உண்டு, சொல்ல ஆள் உண்டு.

தொடங்க நல்லது வானத்து ஈமு. ஆஸ்திரேலியாவின் கமிலரோய், யூவலராய் மக்களுடையது. அவர்களே வெளியாருக்குப் பகிர்ந்தது. நாம் நட்சத்திரங்களைக் கோடு போட்டு உருவம் பார்ப்போம். அவர்கள் பால்வீதியில் நட்சத்திரம் இல்லாத கருத்த பகுதியைப் பார்க்கிறார்கள். தென்சிலுவைக்குப் பக்கத்துக் கரும்புள்ளி தலை. அதிலிருந்து நீண்ட கழுத்து, உடல், கால். ஏப்ரல், மே மாதங்களில் அந்தி கழிந்ததும் பார்த்தால் கால்களை நீட்டி ஓடுகிற மாதிரி இருக்கும்: பெண் ஈமு ஆணைத் துரத்தும் இணை சேரும் காலம். ஜூன், ஜூலையில் கால்கள் தெரியாது, உட்கார்ந்த கோலம்: ஆண் ஈமு கூட்டில் அடைகாக்கிறது, முட்டை எடுக்கலாம். அதற்கப்புறம் முட்டைக்குள் குஞ்சு வளர்ந்துவிடும், தொடக் கூடாது. ஒரே கதையில் வானியல், பறவையியல், வேட்டைக் கட்டுப்பாடு மூன்றும் இருக்கின்றன. மாணவர்களை ஒரு கறுப்புத் தாளில் வரையச் சொல்லுங்கள்.

#16 தும்பி

கரும்பலகை, அந்தப் பகுதியில் பள்ளிக்கூடத்தைப் பற்றியும் இரண்டு வரி வையுங்கள். கனடாவில் ஏறத்தாழ 1,50,000 பிள்ளைகளை வீட்டிலிருந்து பிரித்து உண்டு உறைவிடப் பள்ளிகளில் போட்டார்கள். தாய்மொழியில் பேசினால் அடி. 2015-இல் உண்மை, நல்லிணக்க ஆணையம் இதைப் பண்பாட்டு இனப்படுகொலை என்றே எழுதியது. விடுமுறைக்கு வீட்டுக்குப் போன பேரனுக்குப் பாட்டி பேசுவது புரியவில்லை. கதை அங்கேதான் அறுந்தது. யாரும் தாமாக மறக்கவில்லை.

அறுந்ததை ஒட்டவும் பள்ளியையே பிடித்தார்கள் சிலர். நியூசிலாந்தில் மாவோரி மக்கள் 1982-இல் "கோஹங்கா ரியோ" என்ற மழலையர் கூடங்களைத் தொடங்கினார்கள். நடுத்தலைமுறைக்கு மொழி போயிருந்தது. பாட்டி தாத்தாக்களை நேராகக் குழந்தைகளோடு உட்கார வைத்தார்கள், நாள் முழுக்க மாவோரி மட்டும். நடுவில் இருந்த பெற்றோர் பிள்ளைகளிடமிருந்து கற்றுக்கொண்டார்கள்.

#17 கடல்நாரை

அடுத்த தலைமுறை கேட்க வராவிட்டால் என்ன செய்வது என்பதற்கு மௌ பியாய்லுக்கின் முடிவு எனக்கு இன்னும் யோசனை தருகிறது.

மைக்ரோனீசியாவின் சதவால் என்ற மிகச் சின்னத் தீவுக்காரர். கருவி இல்லாமல் கடலோடும் வித்தையைத் தாத்தா அவருக்குச் சிறு வயதிலேயே கொடுக்கத் தொடங்கினார். பாறைகளுக்கு நடுவே தேங்கும் கடல்நீரில் குழந்தையை மிதக்க விட்டு அலையின் அசைவை உடம்பால் உணரச் செய்தார் என்பார்கள். பாயில் வட்டமாகப் பவளத் துண்டுகளை அடுக்கி, எந்த நட்சத்திரம் எந்தத் துண்டின் திசையில் எழும், எங்கே விழும் என்று பாட்டாகச் சொல்லிப் பழக வேண்டும். 1970-களில் ஹவாய்க்காரர்கள் ஹோகுலேயா என்ற இரட்டைப் படகைக் கட்டியபோது, அதைத் தெற்கே தாகிட்டித் தீவு வரை கொண்டுபோகத் தெரிந்தவர் அவர்களில் ஒருவரும் இல்லை. அந்த வித்தை அங்கே செத்துப் போயிருந்தது. மௌ வந்து, 1976-இல் வரைபடமோ திசைகாட்டியோ இல்லாமல் ஏறத்தாழ 4,000 கிலோமீட்டர் கொண்டுபோய்ச் சேர்த்தார்.

அப்புறம்தான் சிக்கல். அது குடும்பத்துக்குள் காக்க வேண்டிய அறிவு. சொந்தத் தீவின் இளைஞர்கள் பள்ளிக்கும் வேலைக்கும் போய்விட்டார்கள், உட்கார்ந்து கற்க ஆளில்லை. வெளியாரான ஹவாய்க்காரர்களுக்குக் கற்றுக் கொடுத்தார். சொந்த மக்களில் பலருக்கு அது பிடிக்கவில்லை. அவரிடம் கற்ற நைனோவா தாம்சன் 1980-இல் தாகிட்டிக்குப் போய்த் திரும்பினார். 2007-இல் மௌ சதவாலிலேயே "ப்வோ" சடங்கு நடத்தி ஹவாய்க்காரர் ஐவரை மாலுமிகளாக ஏற்றார். தும்பி, இதை நீங்கள் எப்படிப் பார்ப்பீர்கள்?

#18 தும்பி

கொடுத்தவர் அவர். எடுத்தவர் யாரும் இல்லை. எனக்கு அந்த வேறுபாடு போதும். கற்றவர்களும் பதிவுக் கருவியைத் தூக்கிக்கொண்டு ஓடவில்லை. அந்தத் தீவுக்கே போய்ச் சடங்கில் உட்கார்ந்தார்கள்.

#19 பாறைக்கீறல்

என் நிலை இது. நூறு, இருநூறு ஆண்டு என்றால் கேள்வி கேட்காமல் கேட்டுக்கொள்வேன். மெதீக் கதை மாதிரி, நிலத்தில் தோண்டி ஒத்துப் பார்க்க முடிந்தால் மூவாயிரமும் சரி. ஏழாயிரம் என்றால் ஒவ்வொரு இடமாகப் பார்த்துத்தான் பேசுவேன், மொத்தமாகத் தலையாட்ட மாட்டேன். யார் சொன்னார், யார் முன்னால் சொன்னார், யார் மறுக்க முடிந்தது என்ற மூன்றும் இல்லாத கதையை அறிவு என்று ஏற்கமாட்டேன். இணையத்தில் "பண்டைய ஞானம்" என்று சுற்றுவதில் முக்கால்வாசி இந்த ரகம்.

வழக்காறு, ஒரு சந்தேகம். கனடா இருக்கட்டும். இந்தியச் சட்டத்தில் வாய்மொழிக்கு ஏதாவது இடம் உண்டா?

#20 வழக்காறு

உண்டு, பலர் கவனிப்பதில்லை. வன உரிமைச் சட்டம், 2006. அதன் விதிகள் 2008-இல் வந்தன. 13-ஆம் விதி எதையெல்லாம் ஆதாரமாக ஏற்கலாம் என்று பட்டியல் போடுகிறது. அரசு ஆவணங்களோடு கிணறு, இடுகாடு, புனித இடம் போன்ற பழைய அடையாளங்களும் அதில் உண்டு. கடைசியில் பெரியவர்களின் வாக்குமூலம், எழுத்தில் பதிந்தது. அந்தப் பெரியவர் உரிமை கோருபவராக இருக்கக் கூடாது, வேறு ஆளாக இருக்க வேண்டும் என்று விதியே சொல்கிறது. ஏடுதேடி சொன்ன வார்ல்பிரி மருமகன் ஞாபகம் வந்தது எனக்கு.

அது மட்டும் போதாது. ஒன்றுக்கு மேற்பட்ட ஆதாரத்தைப் பார்க்க வேண்டும். பெரியவர் "எங்கள் பாட்டனை அந்த மரத்தடியில் புதைத்தோம்" என்றால் கிராமசபை போய் அந்த மரத்தடியைப் பார்க்கும். இந்த வகை ஆவணம்தான் வேண்டும் என்று மேல் குழுக்கள் அடம்பிடிக்கக் கூடாது என்றும் 2012 திருத்தத்தில் சேர்த்தார்கள். நடைமுறையில் அடம்பிடிக்கிறார்கள், அது வேறு கதை.

பழங்குடி அல்லாத பிற பாரம்பரிய வனவாசிகளிடம் சட்டம் மூன்று தலைமுறைக் குடியிருப்பைக் கேட்கிறது. ஒரு தலைமுறைக்கு 25 ஆண்டு, ஆக 75. நீங்கள் கேள்வி கேட்காமல் ஏற்பதாகச் சொன்ன நூறைவிடக் குறைவு. ஆனாலும் எத்தனையோ மனுக்கள் "ஆவணம் இல்லை" என்ற ஒரே வரியில் திரும்பி வருகின்றன.